இன்காக்களின் கிப்புக் கயிற்றில் கணக்கைப் படிப்பது எப்படி?

இன்காக்களைப் பற்றி எதைப் படித்தாலும் முதல் பத்தியிலேயே "எழுத்தே இல்லாத பேரரசு" என்று வந்துவிடும். அடுத்த பத்தியில் அதே பேரரசு இன்றைய கொலம்பியாவின் தென்கோடியில் தொடங்கி சிலியின் நடுப்பகுதி வரை ஆண்டஸ் மலை நெடுக ஆட்சி செய்தது, ஊர் ஊராகத் தலைக்கட்டு எண்ணியது, எந்தக் களஞ்சியத்தில் எவ்வளவு மக்காச்சோளம் இருக்கிறது என்பதைத் தலைநகர் கூஸ்கோவில் உட்கார்ந்தபடியே தெரிந்துவைத்திருந்தது என்றெல்லாம் இருக்கும். எழுத்து இல்லாமல் இதெல்லாம் எப்படி நடந்தது என்று கேட்டால், "கயிற்றில் முடிச்சுப் போட்டு ஞாபகம் வைத்துக்கொண்டார்கள்" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள்.

அந்த வரி பாதிதான் சரி. மறந்துவிடக் கூடாது என்று முந்தானையில் ஒரு முடிச்சுப் போட்டுக்கொண்டால், அது எதற்காகப் போட்டது என்று போட்டவருக்கு மட்டும்தான் தெரியும்; அவரும் மறந்துவிட்டால் கதை முடிந்தது. கிப்பு என்ற இன்காக்களின் முடிச்சுக் கயிறு அப்படிப்பட்டது அல்ல. ஒருவர் கட்டிய கயிற்றை முன்பின் தெரியாத இன்னொருவர் கையில் எடுத்து "இதில் 253 இருக்கிறது" என்று சொல்ல முடியும், ஐந்நூறு வருஷம் கழித்து அருங்காட்சியகத்தில் பார்க்கும் நாமும் சொல்ல முடியும். எண்ணைப் படிக்கும் முறையைக் கற்றுக்கொள்ளப் பத்து நிமிஷம் போதும், அதிலிருந்தே ஆரம்பிக்கலாம்.

முதலில் பொருள் எப்படி இருக்கும் என்று பார்ப்போம். கொஞ்சம் தடிமனான ஒரு கயிறு கிடைமட்டமாக இருக்கும், அதைத் தாய்க் கயிறு என்று வைத்துக்கொள்வோம். அதிலிருந்து வரிசையாக மெல்லிய கயிறுகள் கீழே தொங்கும். சில கிப்புகளில் நாலைந்துதான் தொங்கும், சிலவற்றில் நூற்றுக்கணக்கில், மிகப் பெரிய ஓரிரண்டில் ஆயிரத்தையும் தாண்டும். தொங்கும் கயிற்றிலேயே இன்னொரு கிளைக் கயிறு கட்டியிருக்கலாம், அந்தக் கிளைக்கும் ஒரு கிளை இருக்கலாம். சில கயிறுகள் மட்டும் கீழே தொங்காமல் எதிர்ப்பக்கமாக மேல்நோக்கிப் போகும். இந்த மேல் கயிறுகளை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், கதையில் முக்கியமான இடம் இவற்றுக்குத்தான். நூல் பெரும்பாலும் பருத்தி, சிலவற்றில் லாமா, அல்பாக்கா போன்ற விலங்குகளின் ரோமம்.

இப்போது எண்கள். நாம் எழுதும்போது இடப்பக்கம் பெரிய இடம், வலப்பக்கம் ஒன்றாம் இடம். கிப்பில் அதுவே மேலிருந்து கீழாக இருக்கிறது. தாய்க் கயிற்றுக்குக் கிட்டே ஆயிரமோ நூறோ வரும், அதற்குக் கீழே பத்தாம் இடம், கயிற்றின் நுனியை நோக்கிப் போகப் போக ஒன்றாம் இடம். நாம் பள்ளியில் படித்த அதே இடமதிப்பு, அதே பத்தடிமானம். ஒவ்வோர் இடத்திலும் எத்தனை முடிச்சு சேர்ந்தாற்போல் இருக்கிறதோ அதுவே அந்த இடத்து எண்.

முடிச்சு மொத்தம் மூன்று வகை. பத்து, நூறு, ஆயிரம் ஆகிய இடங்களில் வருவது சாதாரண ஒற்றை முடிச்சு, நாம் நூலின் நுனியில் போடுகிறோமே அதுதான். ஐந்து வேண்டுமென்றால் ஐந்து முடிச்சை அடுத்தடுத்துப் போடுவார்கள். ஒன்றாம் இடத்தில் மட்டும் வேறு வகை: ஒரே முடிச்சுக்குள் நூலைப் பல சுற்று சுற்றி இறுக்கியது. நீள முடிச்சு என்று சொல்லலாம். மூன்று சுற்று இருந்தால் 3, எட்டுச் சுற்று இருந்தால் 8. ஆனால் ஒரே ஒரு சுற்று சுற்றினால் அது பழைய ஒற்றை முடிச்சாகவே ஆகிவிடும், பத்தாம் இடத்து முடிச்சோடு குழப்பம் வரும். அதனால் ஒன்றாம் இடத்தில் 1 வந்தால் அதற்கென்று தனியாக எட்டு வடிவ முடிச்சு ஒன்றைப் போட்டார்கள். எனக்கு இந்தக் கட்டமைப்பிலேயே மிகவும் பிடித்த பகுதி இதுதான், ஏனென்றால் இது யாரோ ஒருவர் ஞாபகத்துக்காகப் போட்டுக்கொண்ட அடையாளமாக இருக்கவே முடியாது. எங்கே குழப்பம் வரும் என்று முன்கூட்டியே யோசித்து அதை அடைத்திருக்கிறார்கள்.

பூஜ்யம்? முடிச்சே போடாமல் அந்த இடத்தைக் காலியாக விட்டுவிடுவது.

நான்கு கயிறுகளை நாமே கற்பனையாகக் கட்டிப் பார்ப்போம். முதல் கயிற்றில் மேலே இரண்டு ஒற்றை முடிச்சு, நடுவில் ஐந்து ஒற்றை முடிச்சு, கீழே மூன்று சுற்று உள்ள நீள முடிச்சு: 253. இரண்டாவதில் மேலே இரண்டு ஒற்றை முடிச்சு, அப்புறம் நடுவில் எதுவும் இல்லாமல் ஒரு நீண்ட இடைவெளி, கீழே எட்டுச் சுற்று நீள முடிச்சு: 208. மூன்றாவதில் மேலே ஒன்றும் இல்லை, நடுவில் நான்கு ஒற்றை முடிச்சு, கீழே எட்டு வடிவ முடிச்சு: 41. நான்காவதில் மேலே மூன்று ஒற்றை முடிச்சு, அதற்குக் கீழே நுனி வரை வெறும் கயிறு: 300.

நான்காவது கயிற்றைப் பார்த்ததும் ஒரு சந்தேகம் வர வேண்டும். அது 3 இல்லை, 300 என்று எப்படித் தெரியும்? 3 என்றால் ஒற்றை முடிச்சு வந்திருக்காது, மூன்று சுற்று நீள முடிச்சுதான் வந்திருக்கும். சரி, 30 இல்லை என்று? பக்கத்துக் கயிறுகளைப் பார்த்துத்தான். நல்ல கிப்பில் எல்லாக் கயிறுகளிலும் நூறாம் இடம் ஒரே மட்டத்தில் இருக்கும், பத்தாம் இடம் ஒரே மட்டத்தில் இருக்கும், நாம் கணக்கு நோட்டில் இலக்கங்களை ஒன்றின் கீழ் ஒன்றாக எழுதுவதை அப்படியே படுக்கவைத்தது போல. நீள முடிச்சினால் இன்னொரு வசதியும் உண்டு: அது வந்தால் எண் முடிந்தது என்று அர்த்தம், ஆகவே ஒரே கயிற்றில் ஒரு எண்ணுக்குக் கீழே இன்னொரு எண்ணையும் கட்ட முடியும்.

இதையெல்லாம் நவீன காலத்தில் கண்டுபிடித்துச் சொன்னவர் லேலண்ட் லாக் என்ற அமெரிக்கக் கணித ஆசிரியர். நியூயார்க்கின் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் இருந்த கிப்புகளை வைத்து 1912-ல் தன் கட்டுரையை வெளியிட்டார். ஸ்பானியர்கள் எழுதிவைத்த பழைய குறிப்புகளில் "முடிச்சில் பத்து, நூறு, ஆயிரம் உண்டு" என்பது ஏற்கனவே இருந்தது. ஆனால் குறிப்பில் இருப்பது வேறு, கயிற்றிலேயே நிரூபிப்பது வேறு. லாக் பிடித்த ஆதாரம் அந்த மேல் கயிறு. நம் உதாரணத்திலேயே பாருங்கள்: 253, 208, 41, 300 ஆகிய நான்கையும் கூட்டினால் 802. இந்த நான்கு கயிறுகளையும் ஒரு கொத்தாகப் பிடித்து மேல்நோக்கிப் போகும் கயிற்றில் எட்டு ஒற்றை முடிச்சு, ஓர் இடைவெளி, இரண்டு சுற்று நீள முடிச்சு என்று இருந்தால் என்ன நினைப்பீர்கள்? ஒரு தடவை என்றால் தற்செயல் எனலாம். கொத்துக்குக் கொத்து மேல் கயிற்றின் எண் கீழ்க் கயிறுகளின் கூட்டுத்தொகையாகவே வந்தால், நீங்கள் முடிச்சைப் படித்த முறை சரி என்று கயிறே சொல்லிவிட்டது. படிக்கத் தெரியாத ஒரு பதிவை, அதற்குள்ளேயே இருந்த கூட்டல் கணக்கு காட்டிக்கொடுத்தது.

பிறகு 1970-களில் மார்சியா ஆஷர் என்ற கணிதவியலாளரும் அவர் கணவர் ராபர்ட் ஆஷர் என்ற மானுடவியலாளரும் பல நாட்டு அருங்காட்சியகங்களுக்குப் போய், இருநூறுக்கும் மேற்பட்ட கிப்புகளைக் கயிறு கயிறாக அளந்து பட்டியல் போட்டார்கள். எந்தக் கயிறு என்ன நிறம், எந்த முடிச்சு தாய்க் கயிற்றிலிருந்து எத்தனை சென்டிமீட்டர் என்று. அலுப்பான வேலைதான், ஆனால் இன்றைய ஆராய்ச்சி முழுக்க அதன் மேல்தான் நிற்கிறது. வெறும் கூட்டல் மட்டுமில்லாமல், கூட்டுத்தொகைகளின் கூட்டுத்தொகை வரை ஒரே கிப்புக்குள் இருப்பதை அவர்கள் காட்டினார்கள்.

இங்கே புதிதாகப் படிப்பவர்கள் வழக்கமாகக் குழம்பும் இடம் ஒன்று உண்டு. கிப்பு கணக்குப் போடும் கருவி இல்லை. முடிச்சை அவிழ்த்து அவிழ்த்துக் கட்டிக் கூட்டல் போட யாருக்கும் பொறுமை இருக்காது. கணக்கைப் போட்டது வேறு இடத்தில்: யுப்பானா என்ற கட்டம் போட்ட பலகையில் சோள மணியையோ கூழாங்கல்லையோ நகர்த்திக் கூட்டிக் கழித்துவிட்டு, வந்த விடையைக் கயிற்றில் ஏற்றினார்கள். குவாமான் போமா என்ற ஆண்டஸ் எழுத்தாளர் 1615 வாக்கில் ஸ்பெயின் மன்னருக்காக எழுதிய மிகப் பெரிய கையெழுத்துப் பிரதியில் (இப்போது கோபன்ஹேகனில் இருக்கிறது) ஒரு படம் வரைந்திருக்கிறார்: கணக்கர் இரு கைகளிலும் கிப்பை விரித்துப் பிடித்து நிற்கிறார், படத்தின் கீழ் மூலையில் புள்ளிகள் நிறைந்த கட்டம் போட்ட ஒரு பலகை. கிப்பைப் பற்றி இணையத்தில் தேடினால் முதலில் வரும் படமே பெரும்பாலும் இதுதான்.

அந்தக் கணக்கருக்குக் கெச்சுவா மொழியில் கிப்புகமாயுக் என்று பெயர். அவர் எதை எண்ணினார் என்று புரிய வேண்டுமென்றால் இன்கா ஆட்சியில் நாணயம் புழங்கவில்லை என்பதை மனதில் வைத்துக்கொள்ள வேண்டும். வரி என்பது உழைப்பு. மித்தா என்ற முறைப்படி ஒவ்வொரு குடும்பமும் வருஷத்தில் குறிப்பிட்ட காலம் அரசுக்காக வயலிலோ சாலையிலோ படையிலோ சுரங்கத்திலோ வேலை செய்ய வேண்டும். குடும்பங்களைப் பத்து, நூறு, ஆயிரம், பத்தாயிரம் என்ற அலகுகளாகப் பிரித்து ஒவ்வோர் அலகுக்கும் ஒரு தலைவர். ஆட்களையே பத்து பத்தாகப் பிரித்திருக்கும்போது பதிவும் பத்தடிமானத்தில் இருப்பது எவ்வளவு வசதி! அந்த உழைப்பில் விளைந்தது களஞ்சியங்களுக்குப் போகும். வானுக்கோ பம்பா என்ற ஒரே ஊரில் மட்டும் மலைச்சரிவில் வரிசையாகச் சுமார் 500 களஞ்சியங்கள் இருந்தன. எவ்வளவு வந்தது, எவ்வளவு போனது என்று கிப்பில் ஏற்றி, சாஸ்கி என்ற ஓட்டக்காரர்கள் சாலை வழியாகக் கைமாற்றிக் கைமாற்றிக் கொண்டுபோனார்கள். பெருவின் தென்கடற்கரைப் பக்கம் இன்காவாசி என்ற இடத்தில் 2013-ல் தொடங்கிய அகழாய்வில், களஞ்சியத்துக்குள்ளேயே கிப்புகள் கிடைத்தன, வேர்க்கடலை, மிளகாய், பயறு ஆகியவற்றோடு சேர்ந்து. கணக்கும் சரக்கும் ஒரே இடத்தில்!

சரி, கணக்கர் பொய்க்கணக்கு எழுதினால்? இந்தக் கேள்விக்குத்தான் கிப்பு முறையின் உண்மையான கெட்டிக்காரத்தனம் பதிலாக இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். கார்சிலாசோ தே லா வேகா என்பவர் ஸ்பானியத் தந்தைக்கும் இன்கா அரச குடும்பத்துத் தாய்க்கும் 1539-ல் கூஸ்கோவில் பிறந்தவர். அவர் 1609-ல் வெளியிட்ட நூலில் சொல்கிறார்: எவ்வளவு சின்ன ஊராக இருந்தாலும் குறைந்தது நான்கு கணக்கர்கள் உண்டு, பெரிய ஊரில் இருபது முப்பது பேர் வரை, எல்லோரும் ஒரே கணக்கைத் தனித்தனியாக வைத்திருப்பார்கள், ஏமாற்றுவதென்றால் அத்தனை பேரும் சேர்ந்து ஏமாற்ற வேண்டும். தாய்வழி முன்னோரின் ஆட்சியைக் கொஞ்சம் உயர்த்தியே எழுதும் பழக்கம் உள்ளவர் அவர், ஆகவே இதை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டியதில்லை என்று சொல்லலாம். ஆனால் மண்ணுக்கடியில் கிடைத்த சான்றும் அவர் பக்கமே சாய்கிறது.

லிமாவுக்கு அருகே புருச்சூக்கோ என்ற இடத்தில் 1956-ல் ஒரு வீட்டின் தரைக்கடியிலிருந்து 21 கிப்புகள் கிடைத்தன. கேரி அர்ட்டன், கேரி பிரெசின் என்ற இரு ஆய்வாளர்கள் அவற்றின் எண்களைக் கணினியில் ஏற்றி ஒப்பிட்டு, அவற்றில் ஏழு கிப்புகள் மூன்று படிநிலையாக ஒன்றோடொன்று தொடர்புடையவை என்று 2005-ல் வெளியிட்டார்கள். கீழ்ப்படியில் உள்ள கிப்பின் சில கயிறுகளைக் கூட்டினால் வரும் தொகை நடுப்படி கிப்பில் ஒரு கயிற்றில் நிற்கிறது, நடுப்படியின் கூட்டுத்தொகை மேல்படியில் நிற்கிறது. ஒரே படியில் கிட்டத்தட்ட ஒன்றுபோலவே இருக்கும் இணைக் கிப்புகளும் உண்டு, அதாவது நகல். ஊர்க் கணக்கு, அதற்கு மேல் வட்டாரக் கணக்கு, அதற்கும் மேல் மாகாணக் கணக்கு என்று தொகுத்துப் போகும் வழக்கம் கயிற்றில் கண்முன்னே கிடக்கிறது. மேல் இரண்டு படிகளின் கிப்புகளில் ஆரம்பத்தில் மூன்று எட்டு வடிவ முடிச்சு சேர்ந்தாற்போல் வருகிறது, எண்ணாகப் பார்த்தால் அதற்குப் பொருள் இல்லை. அது "இது புருச்சூக்கோவிலிருந்து வந்த கணக்கு" என்று சொல்லும் முத்திரையாக இருக்கலாம் என்பது அவர்கள் கருத்து.

இதே போல ஸ்பானியர்களே கிப்பைச் சோதித்துப் பார்த்த சம்பவங்களும் இருக்கின்றன. இன்கா பேரரசைப் பிடித்த ஸ்பானியத் தளபதி பிசாரோவின் படை 1532-ல் பெருவுக்குள் நுழைந்தபோது ஹவுஹா பள்ளத்தாக்குத் தலைவர்கள் அவர்களுக்குத் துணையாக நின்றார்கள், உணவு, துணி, லாமா, சுமை தூக்க ஆள் என்று கேட்டதெல்லாம் கொடுத்தார்கள். கொடுத்ததை ஒன்று விடாமல் கிப்பில் ஏற்றிக்கொண்டும் வந்தார்கள். சில வருஷங்கள் கழித்து அங்கே போன சியேசா தே லியோன் என்ற ஸ்பானிய வரலாற்றாசிரியர், முடிச்சில் இதெல்லாம் இருக்கும் என்று நம்பாமல் ஒரு தலைவரிடம் கேட்க, அவர் கிப்புகளை வரவழைத்து பிசாரோ வந்த நாளிலிருந்து கொடுத்ததையெல்லாம் வரிசையாகச் சொல்லிக் காட்டினார். தான் வியந்துபோனதை சியேசாவே எழுதியிருக்கிறார். 1561-ல் இந்தத் தலைவர்கள் அதே கணக்கை லிமாவின் அரச நீதிமன்றத்துக்குக் கொண்டுபோனார்கள். தாங்களாகக் கொடுத்தவை, படை கொள்ளையடித்துப் போனவை என்று இரண்டையும் பிரித்தே வைத்திருந்தார்கள். முப்பது வருஷக் கணக்கு, அதுவும் தங்கள் நாட்டையே பிடித்தவர்களின் நீதிமன்றத்தில், ஆதாரமாக ஏற்கப்பட்டது. அதற்கு இருபது வருஷம் கழித்து, 1583-ல், லிமாவில் கூடிய கத்தோலிக்கத் திருச்சபைப் பேரவை பழைய வழிபாட்டைத் தாங்கிய கிப்புகளை அழிக்க உத்தரவிட்டது. இன்று உலகம் முழுக்க மிஞ்சியிருப்பவை ஆயிரத்துச் சில நூறுதான், அவற்றிலும் பெரும்பங்கு கடற்கரைப் பாலைவனத்துப் புதைகுழிகளில் காய்ந்த மண் காப்பாற்றியவை.

எண்ணைப் படித்துவிட்டோம். 253 என்ன? 253 லாமாவா, 253 குடும்பமா, 253 மூட்டையா? இங்கேதான் நாம் மாட்டிக்கொள்கிறோம்.

நிறம்தான் சொல்லும் என்பது பழைய பதில். மஞ்சள் என்றால் பொன், வெள்ளை என்றால் வெள்ளி, சிவப்பு என்றால் போர்வீரர்கள் என்று கார்சிலாசோ எழுதியிருக்கிறார். நிறமில்லாத பொருள்களுக்கு வரிசையே அடையாளம், ஆயுதமென்றால் மதிப்பு மிகுந்த ஈட்டி முதலில், பிறகு அம்பு, இப்படி. கேட்க அழகாக இருக்கிறது, ஆனால் இந்த அட்டவணையைக் கையில் வைத்துக்கொண்டு நிஜமான கிப்புகளைப் படிக்கப் போனால் ஒத்துவருவதில்லை, ஏனென்றால் பெரும்பாலான கயிறுகள் வெள்ளையும் பழுப்பும் அவற்றின் கலவையும்தான். நிறம் போக வேறு வேறுபாடுகளும் உண்டு: நூலின் புரி வலப்பக்கம் முறுக்கியதா இடப்பக்கமா, முடிச்சு எந்தப் பக்கம் சாய்ந்திருக்கிறது, தொங்கும் கயிற்றைத் தாய்க் கயிற்றில் முன்பக்கமாகக் கட்டினார்களா பின்பக்கமாகவா. தெரியாமல் இப்படி ஆகியிருக்கலாம் என்று தள்ளிவிட முடியாத அளவுக்கு இவை ஒழுங்காக வருகின்றன.

இதில் நல்ல முன்னேற்றம் வந்தது மானி மெட்ரானோ என்ற ஹார்வர்ட் மாணவரால். பெருவின் சாந்தா பள்ளத்தாக்கைச் சேர்ந்த ஆறு கிப்புகளும், அதே வட்டாரத்தில் 1670-ல் ஸ்பானியர்கள் எடுத்த ஒரு வரிக் கணக்கெடுப்பும் இருந்தன. கணக்கெடுப்பில் வரி கட்டுபவர்கள் 132 பேர். கிப்புகளிலும் கயிற்றுக் கொத்துகள் ஏறக்குறைய அதே எண்ணிக்கையில். இரண்டையும் ஒப்பிட்டு மெட்ரானோவும் அர்ட்டனும் 2018-ல் சொன்னது: ஒவ்வொரு கொத்தும் ஓர் ஆள், முன்பக்கமாகவோ பின்பக்கமாகவோ கட்டியது அந்த ஆள் ஊரின் இரு பிரிவுகளில் எதைச் சேர்ந்தவர் என்பதைக் காட்டுகிறது. எழுத்தில் உள்ள ஒரு ஆவணத்தையும் கயிற்றையும் இப்படிப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் வாய்ப்பு மிக அரிது, அதனால் எனக்கு இது மற்ற எல்லா ஊகங்களையும் விட நம்பிக்கை தருகிறது.

கிப்பில் கடிதமே எழுதினார்கள் என்ற பேச்சும் உண்டு. சபைன் ஹைலண்ட் என்ற மானுடவியலாளர், லிமாவுக்குக் கிழக்கே மலையில் உள்ள சான் ஹுவான் தே கொயாட்டா என்ற ஊரில் மக்கள் ரகசியமாகப் பாதுகாத்துவந்த இரண்டு கிப்புகளைப் பார்த்து 2017-ல் கட்டுரை எழுதினார். அவற்றில் எண் முடிச்சே கிட்டத்தட்ட இல்லை. நிறம், எந்த விலங்கின் ரோமம், எந்தப் பக்கத்து முறுக்கு ஆகியவற்றைச் சேர்த்துப் பார்த்தால் 95 வெவ்வேறு குறிகள் தேறின. தலைவர்கள் அனுப்பிக்கொண்ட மடல்கள் அவை என்பது ஊர் மக்களின் வழிவழிச் செய்தி. 95 என்பது அசையெழுத்து முறைக்குப் பொருந்தும் எண்ணிக்கை என்பது உண்மைதான். ஆனாலும் இவை 18-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை, ஸ்பானிய எழுத்தோடு இருநூறு வருஷம் பழகிய பிறகு கட்டியவை. இதை வைத்துக்கொண்டு "இன்காக்கள் கயிற்றில் வாக்கியம் எழுதினார்கள்" என்று தலைப்புப் போடுவது அவசரம்.

கிப்பு கட்டியவர்கள் எல்லோரும் அதிகாரிகள்தான் என்ற எண்ணமும் இப்போது ஆட்டம் காண்கிறது. 2025-ல் ஹைலண்டும் சக ஆய்வாளர்களும் ஒரு கிப்பின் தாய்க் கயிறு மனிதத் தலைமுடியால் ஆனது என்று காட்டினார்கள். காலம் ஏறக்குறைய 1498. முடியை வேதியியல் முறையில் சோதித்தபோது அந்த ஆள் சாப்பிட்டது பெரும்பாலும் கிழங்கும் கீரையும் பயறும். மேட்டுக்குடியினர் உண்ட இறைச்சியும் மக்காச்சோளமும் மிகக் குறைவு. தலைமுடியைக் கயிற்றில் சேர்ப்பது கையெழுத்துப் போடுவது மாதிரி என்று எடுத்துக்கொண்டால், இதைக் கட்டியவர் ஒரு சாதாரணக் குடியானவர். மலை மேய்ப்பர்கள் 20-ஆம் நூற்றாண்டு வரை தங்கள் மந்தையைக் கிப்பில் எண்ணிவந்ததும் இதோடு பொருந்திப்போகிறது.

நீங்களே முயன்று பார்க்க வேண்டுமென்றால் வழி இருக்கிறது. ஆஷர் தம்பதியும் அர்ட்டன் குழுவும் சேர்த்த அளவுகளெல்லாம் திறந்த கிப்புக் களஞ்சியம் என்ற பெயரில் இணையத்தில் இலவசமாகக் கிடைக்கின்றன, அறுநூறுக்கும் மேற்பட்ட கிப்புகள், ஒவ்வொரு கயிற்றின் எண்ணும் நிறமும் முறுக்கும் அட்டவணையாக. மெட்ரானோ செய்ததும் பெரும்பாலும் எக்செல் வேலைதான். ஏதாவது ஒரு கிப்பைத் திறந்து, முதலில் எந்தக் கயிறு எவற்றின் கூட்டுத்தொகை என்று தேடுங்கள். அது கிடைத்துவிட்டால் மற்ற கயிறுகள் எப்படிப் பிரிந்து நிற்கின்றன என்பது தானாகவே கண்ணில் பட ஆரம்பிக்கும்.